கீழ் எண்

எங்கள் ஆஸ்பத்திரிக்கும் ரைஸ் மில்லுக்கும் நடுவில் ஒரே ஒரு சுவர். எந்த மகானுபாவன் அந்த இடத்தைப் பார்த்து ஆஸ்பத்திரி கட்டச் சொன்னானோ தெரியாது. சம்பா அறுவடை தொடங்கிவிட்டால் தை முதல் பங்குனி வரை காலை ஏழு மணிக்கு மில் ஓட ஆரம்பிக்கும். பன்னிரண்டு மணிக்குச் சாப்பாட்டுக்காக நிற்கும். ஒன்றரைக்கு மறுபடி ஓடும். ஓடுகிற நேரத்தில் கட்டில் அதிரும், மருந்துப் பாட்டில்கள் ஒன்றோடொன்று இடித்துக் கிணுகிணுக்கும், பேசுவதென்றால் கத்த வேண்டும். நான் பிறவியிலேயே கத்துகிறவள் என்பதால் எனக்கு அதில் பெரிய கஷ்டம் இல்லை.

கஷ்டம் பிரஷர் பார்ப்பதில் இருந்தது. பிரஷருக்கு இரண்டு எண்கள் உண்டு. கையில் பட்டையைச் சுற்றிக் காற்றடித்து, பாதரசத்தை ஏற்றி, மெல்ல இறக்கிக்கொண்டே முழங்கை மடிப்பில் ஸ்டெதஸ்கோப்பை வைத்துக் கேட்க வேண்டும். டப் டப் என்று சத்தம் தொடங்கும் இடம் மேல் எண். இதயம் ரத்தத்தைத் தள்ளும்போது இருக்கும் அழுத்தம் அது. சத்தம் தேய்ந்து மறையும் இடம் கீழ் எண்; இதயம் தளர்ந்திருக்கும் நேரத்திலும் ரத்தக் குழாய்க்குள் நிற்கிற அழுத்தம். இரண்டுக்கும் நடுவில் சாதாரணமாக நாற்பது இருக்கும். மேல் எண்ணை ஸ்டெதஸ்கோப் இல்லாமலே பிடித்துவிடலாம். மணிக்கட்டில் விரலை வைத்து, நின்றுபோன நாடி மறுபடி துடிக்கிற இடத்தைப் பார்த்தால் போதும். கீழ் எண்ணுக்கு அந்தக் குறுக்குவழி கிடையாது. காதால் கேட்டே ஆக வேண்டும். மில் ஓடும்போது அது எந்தக் காதுக்கும் கேட்காது.

ஆகவே எங்கள் வார்டில் ஒரு வழக்கம் இருந்தது. தை பிறந்தால் மேல் எண் மட்டும். கீழ் எண் எழுத வேண்டிய இடத்தில் ஒரு கோடு. எனக்கு முன்னால் இருந்தவர்கள் போட்டார்கள், டாக்டர்களும் ஏனென்று கேட்கவில்லை. திருச்சியில் நான் நர்ஸ் படிப்புப் படித்தபோது, கீழ் எண் இல்லாத தாளை எங்கள் மேட்ரன் கிழித்து மேஜையில் எறிவாள். அப்படிப் படித்துவிட்டு வந்த நானும் முதல் தையில் சண்டை போட்டேன், இரண்டாவது தையில் முணுமுணுத்தேன், மூன்றாவது தையில் கோடு போட்டேன். வார்டுக்குப் பின்னால் ஸ்டோர் ரூம் ஒன்று உண்டு. கதவைச் சாத்தினால் அதற்குள் மில் சத்தம் பாதியாகிவிடும், ஸ்டெதஸ்கோப்பில் நன்றாகக் கேட்கும். யாரும் எந்த நோயாளியையும் அங்கே அழைத்துப்போனதில்லை.

நான் சொல்வது எழுபதாம் வருஷத்துத் தை. குத்தகைக்கு உழுகிறவன் பெயரைப் பதிவேட்டில் ஏற்ற வேண்டும் என்று சர்க்கார் சட்டம் கொண்டுவந்த புதிது. பெயர் ஏறிவிட்டால் ஆளைக் கிளப்புவது லேசில்லை. அதனால் பெயர் ஏறுவதற்கு முன்பே ஆளைக் கிளப்பிவிடப் பண்ணைகள் துடித்தன. இவன் குத்தகைக்காரன் இல்லை, வெறும் கூலியாள் என்று சொல்லி, அடியாட்களோடு வந்து விளைந்ததை அறுத்துக்கொண்டு போனார்கள். ஊருக்கு ஊர் கறுப்பு சிவப்புக் கொடியும் சிவப்புக் கொடியும் எதிரெதிரே நின்றன. எங்கள் வார்டிலோ தலையில் கட்டுப் போட்டவர்கள் நிறைந்திருந்தார்கள்.

அன்று காலை ஒன்பதே காலுக்கு உத்திராபதியை மாட்டு வண்டியில் கொண்டுவந்தார்கள். நாற்பது வயதிருக்கும். ஒல்லியான, இறுகிய உடம்பு. இருபது வருஷமாக இரண்டு ஏக்கர் குத்தகை. விடிந்ததும் பண்ணை ஆட்கள் அரிவாளோடு வயலில் இறங்க, இவர் குறுக்கே போய் நின்றிருக்கிறார். இடது விலாவின் கீழே கம்பால் ஒரே அடி. கூட வந்தவள் அவர் மனைவி எல்லையம்மாள். அவள் பேசுவது சாதாரணமாகவே பக்கத்தில் நிற்பவருக்குக் கேட்காது. மில் சத்தத்தில் உதடு அசைவது மட்டும்தான் தெரிந்தது.

டாக்டர் சிவசாமி வந்து பார்த்தார். படித்து முடித்து இரண்டு வருஷம் ஆனவர். கெட்டவர் இல்லை, அவசரக்காரர். விலா எலும்பு முறியவில்லை என்றார். வயிற்றை அமுக்கிப் பார்த்தபோது உத்திராபதி பல்லைக் கடித்துக்கொண்டு, "வலி இல்லீங்க" என்றார்.

வலி இல்லை என்று சொல்ல அவருக்குக் காரணம் இருந்தது. அன்று பிற்பகல் மூன்று மணிக்கு, ஊர்ச் சத்திரத்தில் முகாம் போட்டிருந்த அதிகாரி முன்னால் அவர் நிலத்துக்கு விசாரணை. ஆள் நேரில் நின்று குத்தகை ரசீதுகளைக் காட்ட வேண்டும். வராவிட்டால் பண்ணை சொல்வதுதான் பதிவாகும். ரசீதுகள் எல்லையம்மாள் மடியில் ஒரு மஞ்சள் பைக்குள் இருந்தன. அந்தப் பையை அவள் ஒரு கணமும் கீழே வைக்கவில்லை.

"சிஸ்டரம்மா, ரெண்டு மணிக்கு விட்டுருவீங்கள்ல?" என்று உத்திராபதி கத்திக் கேட்டார்.

"வந்ததும் வராததுமா போற பேச்சா? இது என்ன பஸ் ஸ்டாண்டா? கையை நீட்டுங்க" என்று நானும் கத்தினேன்.

விரலால் பார்த்தேன். 122. எழுதினேன். பக்கத்தில் கோடு போட்டேன்.

அன்று பதினாறு கட்டிலுக்கு நான் ஒருத்தி. ஆயா அம்சம் தாமதமாக வந்து, அதற்கு என்னிடம் வாங்கிக் கட்டிக்கொண்டு, மூஞ்சியைத் தூக்கி வைத்துக்கொண்டிருந்தாள். எனக்கும் எரிச்சல் தலைக்கேறியிருந்தது. சாக்குச் சொல்கிறேன் என்று நினைக்க வேண்டாம். இந்தச் சாக்கையெல்லாம் எனக்கு நானே பல தடவை சொல்லிப் பார்த்துவிட்டேன், எதுவும் எடுபடவில்லை.

பத்தரைக்குப் பார்த்தபோது 118. மறுபடி ஒரு கோடு. "தோள்பட்டை வலிக்குதும்மா, இடது பக்கம். நேத்து மூட்டை தூக்கினது" என்றார். சரி என்று தலையாட்டிவிட்டு அடுத்த கட்டிலுக்குப் போனேன். வயிற்றுக்குள் ரத்தம் கசிந்தால் வலி இடது தோளில் போய் நிற்கும் என்று நான் படித்திருக்கிறேன். படித்ததெல்லாம் அந்த நேரத்தில் எங்கே போய்த் தொலைந்தது என்று தெரியவில்லை.

பதினொன்றரைக்கு டாக்டர் தாளைப் பார்த்தார். "மேல 118 நிக்குது. நல்லாத்தான் இருக்காரு. ரெண்டு மணிக்கு அனுப்பிருங்க சிஸ்டர். விசாரணையை முடிச்சுட்டு வந்து படுக்கட்டும்." எல்லையம்மாள் அவரைக் கையெடுத்துக் கும்பிட்டாள்.

பன்னிரண்டு மணிக்கு மில் நின்றது.

சாப்பிடப் போவதற்கு முன் இன்னொரு தடவை பார்த்துவிடலாம் என்று உத்திராபதியிடம் போனேன். பட்டையைக் கட்டிக் காற்றடித்தேன். அமைதியாக இருந்ததாலோ, திருச்சிப் பழக்கத்தாலோ, ஸ்டெதஸ்கோப்பைக் காதில் மாட்டிக்கொண்டேன். 114-இல் சத்தம் தொடங்கியது. பாதரசம் இறங்கியது. நூறு. தொண்ணூற்றைந்து. தொண்ணூறில் சத்தம் போய்விட்டது. இவ்வளவு சீக்கிரம் போகக் கூடாது. கருவி மேல் சந்தேகப்பட்டு, பட்டையை அவிழ்த்து மறுபடி கட்டிப் பார்த்தேன். அதே 114, அதே 90. நடுவில் இருபத்து நான்குதான். நாடியை எண்ணினேன், நூற்றுப் பன்னிரண்டு. அவர் உள்ளங்கை ஈரமாகச் சில்லென்று இருந்தது.

தாளைத் தூக்கிக்கொண்டு டாக்டர் அறைக்கு ஓடினேன். அவர் டிபன் கேரியரைத் திறந்துகொண்டிருந்தார்.

"சார், உத்திராபதிக்கு உள்ள ரத்தம் போகுது."

"மேல எவ்வளவு?"

"114 சார். ஆனா கீழ 90. இடைவெளி சுருங்கிப்போச்சு."

"ரத்தம் போனா மேல இறங்கணுமே."

"அது கடைசியில இறங்கும் சார். மொதல்ல உடம்பு ரத்தக் குழாயை இறுக்கிப் பிடிக்கும். அதனால கீழ் எண் ஏறும், மேல் எண் அப்படியே நிக்கும். ரெண்டுக்கும் நடுவுல இருக்கறதுதான் குறையும்."

அவருக்குத் தெரியாத விஷயம் இல்லை. யோசித்தார். பிறகு அவர் கேட்ட கேள்வியை நான் இன்றைக்கும் தூக்கத்தில் கேட்கிறேன். "சில பேருக்குக் கீழ எப்பவுமே தொண்ணூறுதான் இருக்கும் சிஸ்டர். காலையில இவருக்கு எவ்வளவு இருந்துச்சு?"

தாளை நீட்டினேன். 122, கோடு. 118, கோடு. இரண்டும் என் கையெழுத்து. காலையில் எண்பது இருந்ததென்றால் ரத்தம் போகிறது. தொண்ணூறு இருந்ததென்றால் அது அவர் உடம்பு வாகு. எது என்று சொல்ல உலகத்தில் ஒரு ஆள் இல்லை. ஒரு நொடி, பேனாவை எடுத்து அந்தக் கோட்டின் மேல் 80 என்று எழுதிவிடலாமா என்று தோன்றியது. கை போகவில்லை. எழுதியிருக்க வேண்டுமா என்று இன்னும் எனக்குத் தெரியாது.

"சந்தேகத்துல தஞ்சாவூர் பெரியாஸ்பத்திரிக்கு அனுப்பினா அந்தாளு நிலம் போயிடும். வெறும் சந்தேகத்துக்கு ஒருத்தன் நிலத்தைப் பறிக்கச் சொல்றீங்களா?" என்று டாக்டர் கேட்டார். நியாயமான கேள்வி. "கால் மணிக்கு ஒரு தடவை பாருங்க. இடைவெளி இன்னும் குறைஞ்சா சொல்லுங்க, நானே வர்றேன்."

திரும்பி வந்தபோது உத்திராபதி எழுந்து உட்கார்ந்து சட்டையைத் தேடிக்கொண்டிருந்தார்.

"படுங்க" என்றேன்.

"டாக்டரே போகச் சொல்லிட்டாரும்மா."

"படுங்கன்னா படுங்க. உங்களோட மல்லுக்கட்ட எனக்கு நேரமில்ல."

அவர் படுக்கவில்லை. எல்லையம்மாள் என் கையைப் பிடித்துக்கொண்டு ஏதோ சொன்னாள். மில் நின்றிருந்ததால் அப்போதுதான் அவள் குரலை முதன்முதலாகக் கேட்டேன். "ஒரு மணி நேரந்தாம்மா. பேரு கூப்பிடறப்ப நின்னுட்டு வந்துடுவாரு. இருவது வருஷம்மா."

கோபத்தில் ஏதோ சொல்ல வாயெடுத்தேன். அவள் மடியிலிருந்த மஞ்சள் பையைப் பார்த்ததும் கோபம் இறங்கிவிட்டது. கட்டிலில் உட்கார்ந்து உத்திராபதியிடம் கேட்டேன். "ஆத்துல தண்ணி குறையறப்போ என்ன செய்வீங்க?"

"கிளை வாய்க்காலையெல்லாம் அடைச்சுருவாங்க."

"அடைச்சா?"

"ஆத்துல மட்டம் நிக்கும். மேல நின்னு பாக்கறவனுக்குக் குறை தெரியாது. ஆனா கடைமடைக்குச் சொட்டுத் தண்ணி போகாது."

"உங்க உடம்பு இப்ப அதைத்தான் செய்யுதுன்னு நான் பயப்படறேன். மட்டம் நிக்குது. தண்ணி எங்கயோ உடைச்சிக்கிட்டுப் போகுது."

அவர் என் முகத்தையே பார்த்தார். அதற்குமேல் அவருக்கு விளக்கம் தேவைப்படவில்லை. மெதுவாகச் சாய்ந்து படுத்தார். "அப்ப வலிக்குதும்மா" என்றார். "காலையிலேருந்தே வலிக்குது."

பன்னிரண்டரைக்கு 114, 94. இருபது. அம்சம் சொல்லாமலே வந்து அவர் கால்பக்கம் கட்டிலை உயர்த்திச் செங்கல் வைத்தாள். காலையில் நடந்த சண்டையை இருவரும் மறந்திருந்தோம். பன்னிரண்டே முக்காலுக்கு 112, 96. பதினாறு. டாக்டரைக் கூப்பிட்டேன். சாப்பிட்ட கையைக்கூடச் சரியாகக் கழுவாமல் வந்து அவரே கேட்டார். 110, 96. பதினாலு. ஸ்டெதஸ்கோப்பைக் காதிலிருந்து எடுக்கும்போது அவர் முகம் வெளிறியிருந்தது.

"மண்ணீரல் கிழிஞ்சிருக்கும். ரத்தம் ஏத்தணும், ஆபரேஷன் பண்ணணும். இங்க ரெண்டுக்கும் வழி இல்ல. வண்டியைக் கூப்பிடுங்க."

ஆஸ்பத்திரி வேன் பழுதாகி மாதக்கணக்காக நின்றுகொண்டிருந்தது. வாசலில் டாக்ஸி வைத்திருந்த நெய்னா முகம்மதுவிடம் அம்சம் ஓடினாள். டாக்டர் உட்கார்ந்து ஒரு கடிதம் எழுதினார். உத்திராபதிக்கு நாடி அழுத்த இடைவெளி முக்கால் மணி நேரத்தில் இருபத்து நான்கிலிருந்து பதினாலாகக் குறைந்துவிட்டது, உயிருக்கு ஆபத்து, விசாரணைக்கு வர இயலாது, வாய்தா தர வேண்டும் என்று எழுதிக் கையெழுத்துப் போட்டு முத்திரை குத்தினார். நான் எழுதிய மூன்று வரியும் அவர் கேட்டு எழுதிய ஒரு வரியும்தான் அதற்கு ஆதாரம். காலையில் போட்ட கோடுகள் எதற்கும் உதவவில்லை.

கடிதத்தை யாராவது சத்திரத்தில் நேரில் கொடுக்க வேண்டும். எல்லையம்மாள் ஒரு கையில் கடிதம், ஒரு கையில் மஞ்சள் பையோடு டாக்ஸி அருகே நின்றாள். புருஷனோடு போவதா, நிலத்துக்குப் போவதா என்று அவளுக்குப் புரியவில்லை. உத்திராபதிதான் சொன்னார். "நீ சத்திரத்துக்குப் போ. எனக்கு இந்தம்மா இருக்காங்க."

அவள் என்னைப் பார்த்தாள். நான் தலையாட்டினேன்.

ஒன்று பத்துக்கு வண்டி கிளம்பியது. சலைன் பாட்டிலை நான் கையில் உயர்த்திப் பிடித்துக்கொண்டேன். மன்னார்குடி தாண்டும்வரை அவர் பேசிக்கொண்டு வந்தார். பேச வேண்டாம் என்றாலும் கேட்கவில்லை.

"வரிசையா பேரு கூப்பிடுவாங்கம்மா. உடனே குரல் குடுக்கணும். இல்லாட்டி அடுத்த பேருக்குப் போயிடுவாங்க. அவளுக்குச் சத்தமாப் பேச வராது."

"அதெல்லாம் பேசுவாங்க."

"எம் பேரை அவ வாயால சொன்னதே கிடையாதும்மா. எப்படிச் சொல்லப்போறா?"

இன்ஜின் சத்தத்தில் விரலால் மட்டும்தான் பார்க்க முடிந்தது. அது எனக்குப் பொறுக்கவில்லை. வடுவூருக்கு முன்னால் நெய்னா முகம்மதுவை வண்டியை நிறுத்தி இன்ஜினை அணைக்கச் சொன்னேன். இருபுறமும் வயல். ஸ்டெதஸ்கோப்பை வைத்தேன். 84-இல் தொடங்கி 76-இல் மறைந்தது. நடுவில் எட்டு. மேல் எண்ணும் இறங்கத் தொடங்கிவிட்டது. நெய்னா முகம்மது என் முகத்தைப் பார்த்ததும் வண்டியை எடுத்தார். அப்படி ஓட்டி நான் அதற்குப் பிறகு யாரையும் பார்த்ததில்லை.

தஞ்சாவூருக்குப் பத்து மைல் இருக்கும்போது உத்திராபதி தண்ணீர் கேட்டார். பிறகு மணி என்ன என்று கேட்டார். மூன்று ஆகிவிட்டது என்றேன். "கூப்பிட்டிருப்பாங்க" என்றார். அதுதான் கடைசியாகப் பேசியது. விரலுக்கடியில் நாடி நூலாகி, விட்டு விட்டு வந்து, ஆஸ்பத்திரி வாசல் தெரிவதற்கு முன்பே நின்றுவிட்டது. நெஞ்சை அமுக்கினேன், ஊதினேன், என்னென்னவோ செய்தேன். உள்ளே எடுத்துக்கொண்டு போனார்கள். அங்கே இருந்த பெரிய டாக்டர் என் தாளை வாங்கிப் பார்த்தார். "ரெண்டு மணி நேரம் முன்னாடி வந்திருந்தா காப்பாத்தியிருக்கலாம்" என்றார். என்னைக் குத்திக்காட்ட அவர் சொல்லவில்லை. எல்லோரிடமும் சொல்கிற வார்த்தைதான். நான் அங்கேயே தரையில் உட்கார்ந்துவிட்டேன்.

இரண்டு மணி நேரம் முன்னால் என்றால் என்ன கணக்கு என்று திரும்பும் வழியெல்லாம் ஓடிக்கொண்டிருந்தது. ஒன்பதே காலுக்கு ஒரு கீழ் எண். பத்தரைக்கு ஒரு கீழ் எண். ஸ்டோர் ரூம் அவர் கட்டிலிலிருந்து இருபது காலடி தூரம். பத்தரைக்கே இடைவெளி குறைந்தது தெரிந்திருக்கும், பதினொன்றுக்கு வண்டி கிளம்பியிருக்கும். போஸ்ட்மார்ட்டம் மறுநாள் என்றார்கள். வீட்டுக்காரர்களுக்குச் சொல்லி அனுப்ப வேண்டும். நான் சொல்கிறேன் என்று சொல்லிவிட்டு வந்தேன்.

ஆறு மணி சுமாருக்கு ஆஸ்பத்திரி வாசலில் இறங்கினேன். எல்லையம்மாள் படியில் உட்கார்ந்திருந்தாள். என்னைக் கண்டதும் எழுந்து ஓடிவந்தாள். அவள் முகத்தில் அப்படி ஒரு வெளிச்சத்தை நான் அதற்கு முன்னால் பார்க்கவில்லை.

"வாய்தா குடுத்துட்டாங்கம்மா" என்றாள். "மொதல்ல கேக்கவே மாட்டேன்னாங்க. பேரு கூப்பிட்டாங்க. நான் அவரு பேரைச் சொல்லிக் கத்திட்டேன். உத்திராபதி ஆஸ்பத்திரியில இருக்காருன்னு கத்தினேன். சத்திரமே திரும்பிப் பாத்துச்சு. கடுதாசியைப் படிச்சாங்க. வர்ற மாசம் பதினெட்டாந் தேதி அவரை வரச் சொல்லியிருக்காங்க." மடித்து வைத்திருந்த சீட்டை என்னிடம் நீட்டினாள். "எப்படி இருக்காரு?"

சொன்னேன். எப்படிச் சொன்னேன் என்று எனக்கு நினைவில்லை. அவள் அழவில்லை, சீட்டை நீட்டிய கையை மடக்கவும் இல்லை. அப்படியே நின்றாள். அம்சம் வந்து அவளைப் பிடித்துப் படியில் உட்காரவைத்தாள்.

அதோடு நான் உள்ளே போயிருக்கலாம். யாரும் என்னை எதுவும் கேட்கப்போவதில்லை. கம்பால் அடித்தவன் இருக்கிறான், அடிக்கச் சொன்ன பண்ணை இருக்கிறது, பழி போட ஆள் இல்லாமல் இல்லை. ஆனால் அவள் என்னை நம்பி அவரை ஏற்றிவிட்டாள். நான் பக்கத்தில் உட்கார்ந்து காலையில் நடந்ததைச் சொன்னேன். பிரஷருக்கு இரண்டு எண் இருப்பதையும், மேலே இருப்பதை எழுதிவிட்டுக் கீழே இருப்பதை எழுதாமல் விட்டதையும், அதை எழுதியிருந்தால் பத்தரை மணிக்கே தெரிந்திருக்கும் என்பதையும் மறைக்காமல் சொன்னேன். திட்டுவாள், மண்ணை வாரித் தூற்றுவாள் என்று எதிர்பார்த்தேன். திட்டினால் நன்றாக இருக்குமே என்றும் நினைத்தேன்.

அவள் சீட்டை மடித்து மஞ்சள் பைக்குள் வைத்தாள். பிறகு தன் வழக்கமான மெல்லிய குரலில் கேட்டாள். "அந்தக் கீழ உள்ள நம்பரைப் பாத்து எழுத எவ்வளவு நேரமாகும் சிஸ்டரம்மா?"

"ரெண்டு நிமிஷம்" என்றேன்.

அன்றைய வேலை முடிந்து மில் நின்றிருந்தது. நான் சொன்னது அவளுக்கு நன்றாகக் கேட்டது.